கார் வைத்திருக்கிற வம்சம்

மிகியோ நருசேயின் 'முடிவில்லாத தெரு' (1934) படம் முடிந்ததும் பக்கத்திலிருந்த தோழர் சொன்னார், "மரபுக்கும் நவீனத்துக்கும் நடுவுல மாட்டிக்கிட்ட பொம்பளை கதை." எனக்கு ஒப்பவில்லை. ஜப்பானிய மௌனப்படம் என்றாலே இந்தச் சீட்டை ஒட்டிவிடுகிறோம்.

சுகிகோ, தோக்கியோவின் கின்சா பகுதியில் தேநீர்க்கடைப் பணிப்பெண். சினிமாவில் நடிக்கக் கூப்பிடுகிறார்கள், காதலனும் இருக்கிறான். எதுவும் கைகூடுவதற்குள் பணக்கார ஹிரோஷியின் கார் அவள்மேல் மோதுகிறது. மோதியவனையே கட்டிக்கொள்கிறாள். அந்த வீட்டில் மாமியாருக்கும் நாத்தனாருக்கும் அவள் எது செய்தாலும் குத்தம். தட்டு தூக்கினவள், நம்ம வம்சத்துக்கு ஆகாதவள். புருஷன்காரன் வாயைத் திறப்பதில்லை, குடிக்கப் போய்விடுகிறான்.

காரும் அவர்களுடையது, வம்சமும் அவர்களுடையது. அப்புறம் மோதல் எங்கே? அந்த வீட்டில் நவீனம் மரபுக்கு டிரைவர் வேலை பார்க்கிறது. சுகிகோவுக்குக் கிடைத்த நவீனம் கூலி வேலை மட்டும்தான். அதுவே அவளுக்கு எதிரான சாட்சியாகிவிடுகிறது.

படத்தில் புராக்கு மக்கள் பற்றிப் பேச்சே இல்லை. சுகிகோவை அவர்களில் ஒருத்தியாக வாசிப்பது மோசடி. ஆனால் 'வம்சம்' என்ற சொல் அந்த மண்ணில் சும்மா கிடந்ததில்லை. 1922இல் சுய்ஹெய்ஷா என்ற சமத்துவ இயக்கத்தைப் புராக்கு மக்கள் கட்ட வேண்டியிருந்தது. அரைநூற்றாண்டு கழித்து, 1975இல், புராக்கு ஊர்ப்பெயர்களைப் பட்டியலாகத் தயாரித்து விற்றதும், வேலைக்கு ஆளெடுக்கும் கம்பெனிகள் அதை வாங்கியதும் அம்பலமானது. பட்டியல் போட்டு விற்பது மரபா, நவீனமா? தோழர்தான் சொல்ல வேண்டும்.

விபத்தில் அடிபட்டு ஹிரோஷி மருத்துவமனையில் கிடக்கிறான். ஏற்கெனவே வீட்டைவிட்டுக் கிளம்பிவிட்ட சுகிகோ அங்கே வருகிறாள். நீங்கள் நேசித்தது குடும்பப் பெயரை, இவனை அல்ல என்று இரண்டு பெண்களுக்கும் முகத்துக்கு நேராகச் சொல்கிறாள். குரல் கிடையாது, எழுத்து அட்டைதான். ஆனாலும் அதுவரை குனிந்தே இருந்த முகம் நிமிர்வதைப் பார்க்கிறபோது காது கேட்கிற மாதிரிதான் இருந்தது.

பிறகு ஹிரோஷி செத்துப்போகிறான். இது நருசேயின் தப்பித்தல். அவன் பிழைத்து, திருந்தி, வா என்று கூப்பிட்டிருந்தால்? அந்தக் கேள்வியைச் சாவு அடைத்துவிடுகிறது.

கடைசியில் மறுபடியும் தேநீர்க்கடை. "பாவம், பழைய இடத்துக்கே வந்துட்டா" என்றார் தோழர். சொந்தக் கையால சம்பாதிக்கப் போறவள எதுக்குப் பாவம்ங்கிறீங்க என்று கேட்டேன். அவர் பதில் சொல்வதற்குள் பஸ் வந்துவிட்டது.