டிராம் வண்டி: கணினியிலும் கதையிலும்

கணினித் திரையில் இரயில் ஓட்டும் பாவனை விளையாட்டுகள் இன்று பல உள. 2001-ஆம் ஆண்டில் மைக்ரோசாப்ட் நிறுவனம் வெளியிட்ட அத்தகைய மென்பொருளில், பயன்படுத்துவோர் தாமே புதிய பாதைகளையும் வண்டிகளையும் அமைத்துச் சேர்க்க வழியிருந்தது. அவ்வழியே ஆர்வலர் சிலர் பழைய நகரங்களின் டிராம் வண்டிகளையும் ஓடவிட்டனர். இம்முயற்சி பழைமையை எவ்வளவிற்குக் காக்கின்றது என்பது ஆராயத்தக்கது.

சிறப்பை முதலிற் கூறுவோம். பழைய மின் டிராமின் ஓட்டுநர் பெரும்பாலும் நின்றுகொண்டே பணியாற்றினார். ஒரு கை மின்னோட்டத்தைப் படிப்படியாக ஏற்றும் கைப்பிடியில் இருக்கும், மறு கை தடையில் இருக்கும், காலோ மணியடிக்கும். மழையில் தண்டவாளம் வழுக்கினால் மணல் தூவவேண்டும். அவசரப்பட்டுக் கைப்பிடியைத் திருப்பினால் சக்கரம் வீணே சுழலுமேயன்றி வண்டி விரையாது. இந்நுட்பத்தை ஏட்டிற் படித்து உணர்தல் அரிது. இயக்கிப் பார்ப்பவர்க்கு எளிது.

ஆயினும், ஒரு குறை உண்டு. இப்பாவனை நம்மை என்றும் ஓட்டுநராகவே நிறுத்துகின்றது. நகர மக்களோ டிராமை ஓட்டியவர் அல்லர்; ஏறிச் சென்றவர். சென்னையில் 1895-இல் தொடங்கிய மின் டிராம் 1953-இல் நின்றுபோயிற்று. புதுமைப்பித்தனின் 'கடவுளும் கந்தசாமிப் பிள்ளையும்' (1943) என்னும் கதையில் அது இன்றும் ஓடுகின்றது. பிராட்வேயும் எஸ்பிளனேடும் கூடுமிடத்தில் நின்று, டிராமில் போவதா பஸ்ஸில் போவதா என்று கந்தசாமிப் பிள்ளை கணக்கிடுகிறார். ஒன்றில் வெற்றிலைக்குக் காசு மிஞ்சும். மற்றொன்றில் நடத்துநரை ஏமாற்றினால் அரைக் கோப்பைக் காப்பி கிட்டும். காலணாவின் அருமை இங்குத் தெரிகின்றது. அதனை எந்தக் கைப்பிடி காட்டும்?

கதையே போதும் என்பாரும் உளர். அதுவும் பொருந்தாது. காஹாங் போன்ற தோட்டப்புறத்து மாணவன் குளுவாங்கில் இரயிலைக் கண்டிருப்பான். தெரு நடுவே தண்டவாளத்தில் ஓடும் வண்டியைக் கண்டிரான். அவனுக்கு டிராம் வெறுஞ் சொல்லே. சொல்லுக்குப் பொருளைக் காட்டாமல் கதையின் நகைச்சுவையைச் சுவைக்கச் சொல்லுதல் முறையன்று.

ஆதலின், ஆசிரியர் முதலிற் கதையைப் படிப்பித்து, பின்னர்த் திரையில் வண்டியை ஓட்டச் செய்தல் நன்று. பொறி வண்டியின் உடலைக் காட்டும். அதில் ஏறியவனின் மனத்தைக் காட்டுவது இலக்கியமே. ஒன்றை மற்றொன்றிற்கு ஈடாகக் கொள்வதே பிழை.