தில்லை கோவிந்தன்: இலக்கிய மதிப்பீடு

தில்லை கோவிந்தன், பெருங்குளத்தில் பிறந்த அ. மாதவையா 1903இல் ஆங்கிலத்தில் எழுதிய நாவல். திருநெல்வேலிச் சீமையின் கிராமத்துப் பிராமண இளைஞன் சென்னையில் படித்து, அரசு உத்தியோக உலகுக்குள் நுழைவதைத் தன்வரலாறாகச் சொல்கிறது. மாதவையா உப்பு இலாகாவில் பணியாற்றியவர். ஆகவே லஞ்சம் பற்றிய அங்கதம் உள்ளிருந்து எழுகிறது. கதைசொல்லியும் அதற்குத் தப்புவதில்லை. படிப்பு அவனது பழைய நம்பிக்கைகளைக் கலைக்கிறது, புதியவற்றை எளிதில் அளிப்பதில்லை. பத்மாவதி சரித்திரத்தைவிட இதில் உபதேசம் குறைவு என்பது என் எண்ணம்.

இதன் பெரிய குறை மொழிதான். பகடிக்கு ஆளான ஊராரில் பெரும்பாலோர் படிக்க இயலாத ஆங்கிலத்தில் இது எழுதப்பட்டது. 1916இல் லண்டன் பதிப்பு வந்தது, தமிழாக்கமோ 1944இல்தான். அதற்கு 19 ஆண்டுகள் முன்பே மாதவையா மறைந்துவிட்டார், பி.ஏ. வகுப்பில் தமிழைக் கட்டாயப் பாடமாக்க வேண்டுமென்று சென்னைப் பல்கலைக்கழக செனட்டில் பேசிய கையோடு.