வழிகாட்டி எங்கே நிற்கிறார்?

ஒரு நகரம் கண்ட கொடிய காலத்தை அதன் தெருக்களின் வழியே நடத்திச் சென்று காட்டும் வழக்கம் ஐரோப்பாவில் நன்கு வேரூன்றிவிட்டது. பெர்லின் மாநகரில் அது ஒரு தனித் தொழிலாகவே வளர்ந்திருக்கிறது. பல நாட்டுப் பயணிகள் குறித்த இடத்தில் கூடுகிறார்கள். வழிகாட்டி முன்னே நடக்கிறார். சில மணி நேரத்தில் 1933 முதல் 1945 வரையிலான பன்னிரண்டு ஆண்டுகளின் கதை சொல்லி முடிக்கப்படுகிறது. முன்கூட்டியே கட்டணம் பெறும் நடைகளும் உண்டு. முடிவில் கேட்டவர்கள் மனமுவந்து கொடுப்பதை நம்பி நடப்பவையும் உண்டு. இவற்றை வெறும் சுற்றுலாப் பொழுதுபோக்கு என்று நாம் ஒதுக்கிவிடலாகாது. வரலாற்று நூல் ஒன்றையும் புரட்டாதவர்கள்கூட இந்த நடையில் கலந்துகொள்கின்றனர். பலருக்கு அந்தக் காலத்தைப் பற்றி வாழ்நாளில் கிடைக்கும் ஒரே விரிவான பாடம் இதுவாகவே அமைந்துவிடுகிறது. எனவே ஒரு நூலை மதிப்பிடுவது போலவே இதனையும் மதிப்பிடுவது நம் கடமையாகிறது.

நூலை மதிப்பிடும்போது, ஆசிரியர் எதனை விரித்தார், எதனைச் சுருக்கினார், எதனை விட்டுவிட்டார் என்று பார்க்கிறோம். நடையை மதிப்பிடும்போது நாம் கேட்க வேண்டிய கேள்வி எளியது: வழிகாட்டி எங்கே நிற்கிறார்? எங்கே நில்லாமல் கடந்து போகிறார்?

பெரும்பாலான நடைகள் தவறாமல் நிற்கும் ஓர் இடம் உண்டு. அது ஒரு வாகன நிறுத்துமிடம். சுற்றிலும் அடுக்குமாடிக் குடியிருப்புகள். நடுவே சாதாரணக் கார்கள். அதன் அடியில்தான் ஹிட்லரின் பதுங்கறை இருந்தது. 1945 ஏப்ரல் 30 அன்று அவர் தம்மைத்தாமே மாய்த்துக்கொண்டது அங்கேதான். போருக்குப் பின் சோவியத் படையினர் அதனை வெடிவைத்துத் தகர்க்க முயன்றனர். 1980-களின் இறுதியில், கிழக்கு ஜெர்மனி அங்கே குடியிருப்புகளைக் கட்டியபோது எஞ்சியவற்றிலும் பெரும்பகுதி அகற்றப்பட்டது. நெடுங்காலம் அவ்விடத்தில் எந்த அடையாளமும் வைக்கப்படவில்லை. 2006-இல் உலகக் கோப்பைக் கால்பந்துப் போட்டிக்கு முன்பாகத்தான் தகவல் பலகை ஒன்று நிறுவப்பட்டது.

அப்பலகையை வைத்ததில் நியாயம் இருக்கிறது. மறைக்கப்படும் இடத்தைச் சுற்றியே கட்டுக்கதைகள் வளர்கின்றன. மண்ணும் கார்களும் தவிர இங்கே ஒன்றுமில்லை என்று வெளிப்படையாகச் சொல்வது, அவ்விடத்தை யாரும் வழிபாட்டுத் தலமாக்கிவிடாமல் தடுக்கும். நல்ல வழிகாட்டிகள் இதனைத் தெளிவாகவே எடுத்துரைக்கிறார்கள்.

ஆயினும் இங்கே ஓர் ஆபத்து பதுங்கியிருக்கிறது. பதுங்கறையின் கடைசி நாள்களில் ஒரு நாடகத்திற்கு வேண்டிய அனைத்தும் உண்டு: மேலே குண்டுமழை, கீழே நள்ளிரவுத் திருமணம், நஞ்சு, துப்பாக்கி, எரிக்கப்பட்ட உடல். இதனைச் சொல்லத் தொடங்கினால் கேட்போர் அசையாமல் நிற்பர் என்பது எந்த வழிகாட்டிக்கும் தெரியும். இதனையே நடையின் உச்சமாக வைக்கும்போது, பன்னிரண்டு ஆண்டுக் கொடுமை ஒரு மனிதனின் எழுச்சியும் வீழ்ச்சியுமாகச் சுருங்கிவிடுகிறது. தீமை பூமிக்கு அடியில் ஓர் அறையில் குடியிருந்தது, அந்த அறை மூடப்பட்டது, எல்லாம் முடிந்தது என்ற நிம்மதியோடு பயணி விடுதிக்குத் திரும்புகிறார். இவ்வளவு பெரிய நகரம், இவ்வளவு மக்கள், இவ்வளவு அலுவலகங்கள் என்ன செய்துகொண்டிருந்தன என்ற கேள்வி அவருக்கு எழுவதே இல்லை.

இத்தனைக்கும் அக்கேள்விக்கான திறவுகோல் அதே இடத்தில், தலைக்கு மேலே, தெருப்பெயர்ப் பலகையில் இருக்கிறது. அந்த வாகன நிறுத்துமிடத்தை ஒட்டிய தெருவின் பெயர் கெர்ட்ரூட் கோல்மர் தெரு. யார் இந்தப் பெண்? 1894-இல் பெர்லினில் பிறந்த யூதக் கவிஞர். 1938-இல் வெளிவந்த அவருடைய கவிதைத் தொகுப்பு, அவ்வாண்டு நவம்பரில் யூதர்கள்மீது நாடெங்கும் கட்டவிழ்த்துவிடப்பட்ட வன்முறைக்குப் பின் கூழாக்கப்பட்டது. புறநகரில் இருந்த குடும்ப வீட்டை விற்க வேண்டிய நிலை ஏற்பட்டது. முதிய தந்தையோடு நகருக்குள் ஓர் அடுக்குமாடி வீட்டில் அவர் குடியேறினார். தந்தையை விட்டுப் பிரிய மனமின்றி அவர் நாட்டிலேயே தங்கிவிட்டார். பின்னர் தொழிற்சாலையில் கட்டாய வேலை. 1942-இல் தந்தை தெரசீன்ஸ்டாட் முகாமுக்குக் கொண்டு செல்லப்பட்டார். 1943 மார்ச் தொடக்கத்தில் கெர்ட்ரூட் கோல்மர் ஆஷ்விட்ஸுக்கு அனுப்பப்பட்டார். அங்கிருந்து அவர் மீளவில்லை.

கொலையாளி மாண்ட மண்ணின் மேல், கொல்லப்பட்டவரின் பெயர் எழுதப்பட்டிருக்கிறது. நகரம் இதனை எண்ணிப் பார்த்தே செய்திருக்கிறது. பதுங்கறையின் தடித்த சுவர்களை இருபது நிமிடம் விவரிக்கும் வழிகாட்டி, இப்பெயருக்கு இரண்டு நிமிடம் ஒதுக்குகிறாரா? இந்த ஒன்றைக் கொண்டே அவரது நடையின் தரத்தை நாம் அளந்துவிடலாம்.

கோல்மரும் அவர் தந்தையும் குடியேறிய வீடு ஷோனபெர்க் பகுதியின் பவேரியக் குடியிருப்பில் இருந்தது. நகர மையத்தைச் சுற்றும் நடைகள் பெரும்பாலும் அவ்வளவு தொலைவு செல்வதில்லை. சென்றால் அங்கே நடுங்க வைக்கும் இடிபாடு எதுவும் இல்லை. மரங்கள் நிழல் தரும் அமைதியான தெருக்களே உள்ளன. ரெனாட்டா ஷ்டீ, ஃப்ரீடர் ஷ்னாக் என்னும் கலைஞர் இருவர் 1993-இல் அத்தெருக்களின் விளக்குக் கம்பங்களில் 80 பலகைகளைப் பொருத்தினர். ஒவ்வொன்றிலும் ஒருபுறம் எளிய படம். மறுபுறம் யூதர்களுக்கு எதிரான ஓர் ஆணை, தேதியோடு. 1940 ஜூலை முதல், மாலை 4 மணி முதல் 5 மணி வரை மட்டுமே அவர்கள் உணவுப்பொருள் வாங்கலாம். 1942 மே முதல், வீட்டில் வளர்ப்புப் பிராணி வைத்திருக்கக் கூடாது. பூங்காவில் மஞ்சள் அடையாளம் இட்ட இருக்கைகளில் மட்டுமே அமரலாம்.

இவை யாருக்குத் தெரியாமல் நடந்தன? கடைக்காரருக்குத் தெரியும், அவர்தாம் கடிகாரத்தைப் பார்த்துப் பொருள் கொடுத்தார் அல்லது மறுத்தார். பூங்காவில் குழந்தையோடு உலாவிய தாய்க்குத் தெரியும். எதிர் வீட்டாருக்கும் தெரியும். நாளுக்கொன்றாக, தேதியிட்டு, முத்திரையிட்டு, பட்டப்பகலில் வந்த ஆணைகள் இவை. பதுங்கறைக் கதையைக் கேட்கும் பயணி, தாம் ஹிட்லர் அல்லர் என்ற உறுதியோடு கேட்கலாம். இப்பலகைகளின் கீழே நிற்பவருக்கு அந்த வசதி இல்லை. தாம் அந்தக் கடைக்காரராக இருந்திருக்க முடியாது என்று யாரால் உறுதி கூற இயலும்?

நடந்து காண்பதன் உண்மையான சிறப்பு இதில்தான் அடங்கியிருக்கிறது. நூலும் திரைப்படமும் நம்மை அரசவைக்குள்ளும் போர்க்களத்திற்குள்ளும் கொண்டு செல்ல வல்லவை. தெருவோ நம்மை வழிப்போக்கராக்குகிறது. 1941 அக்டோபர் 18 அன்று பெர்லினிலிருந்து முதல் யூதக் கூட்டம், ஆயிரத்திற்கும் மேற்பட்டோர், ரயிலேற்றப்பட்டு வூட்ஜ் நகரின் யூதச் சேரிக்கு அனுப்பப்பட்டது. மோவாபிட் பகுதியின் தொழுகைக்கூடத்தில் அடைக்கப்பட்டிருந்த அவர்களில் பலர், வசதி படைத்தோர் வாழும் க்ரூனவால்ட் ரயில் நிலையம்வரை தெருக்களின் வழியே நடத்திச் செல்லப்பட்டனர். அந்நிலையத்தின் 17-ஆம் தடத்தில் 1998 முதல் ஒரு நினைவிடம் உள்ளது. நடைமேடையின் இரு ஓரங்களிலும் 186 எஃகுத் தகடுகள். ஒவ்வொன்றிலும் தேதி, அனுப்பப்பட்டோர் எண்ணிக்கை, சென்ற ஊர். அங்கே வழிகாட்டி அதிகம் பேசத் தேவையில்லை. அந்த விளிம்போரம் அமைதியாக நடக்கவிட்டாலே போதும்.

மறைமாவட்ட இதழின் வாசகர்களுக்கு நெருக்கமான இடம் ஒன்றும் இந்நடைகளில் உண்டு. பேபல் சதுக்கத்தில் 1933 மே 10 அன்று ஏறத்தாழ 20,000 நூல்கள் எரிக்கப்பட்டன. அதன் நினைவாக மிக்கா உல்மன் 1995-இல் தரைக்குக் கீழே ஒரு வெற்று நூலகம் அமைத்தார். கண்ணாடி வழியே குனிந்து பார்த்தால் வெறும் அலமாரிகள் தெரியும். பயணிகள் குனிந்து பார்க்கிறார்கள், படம் எடுக்கிறார்கள், நகர்கிறார்கள். நிமிர்ந்து பார்த்தால் அதே சதுக்கத்தில் புனித ஹெட்விக் பேராலயம் நிற்கிறது. 1938 நவம்பர் வன்முறைக்குப் பின் அப்பேராலயத்தில் மாலைதோறும் யூதர்களுக்காக வெளிப்படையாக மன்றாடிய குரு பெர்ன்ஹார்ட் லிஷ்டன்பெர்க். மனநோயாளிகளும் உடல் ஊனமுற்றோரும் கொல்லப்படுவதை எதிர்த்து 1941 ஆகஸ்டில் அவர் அரசுக்குக் கடிதம் எழுதினார். அக்டோபரில் கைதானார். 1943 நவம்பர் 5 அன்று, டாக்காவ் முகாமுக்குக் கொண்டு செல்லப்படும் வழியில் இறந்தார். 1996-இல் திருத்தந்தை இரண்டாம் ஜான் பால் பெர்லினில் அவரை முத்திப்பேறு பெற்றவராக அறிவித்தார்.

இவ்வரலாற்றைச் சொல்லும்போதும் நேர்மை வேண்டும். அவரைக் காட்டிக்கொடுத்தவர்கள், ஆலயத்துக்கு வந்து அவருடைய மன்றாட்டைக் கேட்ட இரு மாணவியரே. ஒருவரின் துணிவைச் சொல்லிப் பலரின் மௌனத்தை மூடிவிடுவது, பதுங்கறையைச் சொல்லி நகரத்தை மூடிவிடுவதற்கு ஒப்பாகும். ஆனால் அவரைச் சொல்லாமல் விடுவதும் பிழையே. ஏனெனில் வேறுவிதமாக நடந்துகொள்ள யாருக்கும் வழியே இருக்கவில்லை என்னும் சாக்கை அவர் வாழ்வு மறுக்கிறது.

ஜெர்மனியில் நகர வழிகாட்டித் தொழிலுக்குச் சட்டப்படியான உரிமம் தேவையில்லை. யார் வேண்டுமானாலும் தெருவில் நின்று கதை சொல்லலாம். இச்சுதந்திரம் இதுவரை பெருந்தீங்கு விளைத்திராமைக்கு ஒரு காரணம், நேரில் கண்டவர்கள் நம்மிடையே இருந்தமையாகும். பெர்லினில் தலைமறைவாக வாழ்ந்து, பிடிபட்டு, தெரசீன்ஸ்டாட் முகாமிலிருந்து உயிர் தப்பிய மார்கோட் ஃப்ரீட்லண்டர், 2010-இல் நியூயார்க்கிலிருந்து தாய்நகர் திரும்பிப் பள்ளிதோறும் தம் கதையைச் சொல்லி வந்தார். 2025 மே 9 அன்று தம் 103-ஆம் வயதில் அவர் மறைந்தார். அத்தகையோர் விட்டுச்செல்லும் இடத்தில் இனி நிற்கப் போகிறவர்களுள் வழிகாட்டிகளும் அடங்குவர்.

துயரத்தைக் காட்டிப் பொருள் ஈட்டுவது முறையா என்று கேட்போர் உண்டு. ஆசிரியர் ஊதியம் பெறுகிறார் என்பதால் பாடம் பொய்யாகிவிடாது. அன்பளிப்பை நம்பி வாழும் வழிகாட்டி, கேட்போரைச் சங்கடப்படுத்தும் இடங்களைத் தவிர்த்து, சுவையூட்டும் இடங்களில் நீண்ட நேரம் நிற்கத் தூண்டப்படுகிறார் என்பதே மெய்யான இடர். அதற்குத் தீர்வு கேட்போரிடமும் இருக்கிறது. பதுங்கறையருகே நிற்கும்போது தெருவின் பெயர் யாருடையது என்று ஒருவர் கேட்டால் போதும். அன்றைய நடை திசை மாறிவிடும்.