ஒரே முகம், இரு மனிதர்கள்

திரைப்படம் முடிந்து வெளியே வரும்போது நாயகனைப் பற்றியே பேசுகிறோம். சில நாள்கள் கழிந்த பின்னரோ வேறொரு முகம் நம் நினைவில் எழுகிறது. பெரும்பாலும் அது குணச்சித்திர நடிகர் ஒருவரின் முகமாக இருக்கும். அமெரிக்க நடிகர் தாமஸ் மிட்செல் அத்தகையவர்.

1892-இல் நியூ ஜெர்சி மாநிலத்தின் எலிசபெத் நகரில், அயர்லாந்திலிருந்து குடியேறிய குடும்பத்தில் பிறந்தார். செய்தித்தாள் நிருபராகத் தொடங்கி, நாடக மேடையில் பல்லாண்டு பயின்று, நாற்பது வயதைக் கடந்த பின்னரே திரையுலகில் நிலைபெற்றார். 1939-இல் மட்டும் 'ஸ்டேஜ்கோச்', 'கான் வித் த விண்ட்', 'மிஸ்டர் ஸ்மித் கோஸ் டு வாஷிங்டன்' உள்ளிட்ட ஐந்து படங்களில் தோன்றினார். ஐந்தும் இன்றளவும் பேசப்படுகின்றன. ஒன்றிலும் அவர் நாயகர் அல்லர்.

ஜான் ஃபோர்டு இயக்கிய 'ஸ்டேஜ்கோச்' அவருக்கு ஆஸ்கார் விருதைப் பெற்றுத் தந்தது. அதில் அவர் குடிகார மருத்துவர் பூன். ஊரின் ஒழுக்கம் காக்கப் புறப்பட்ட சீமாட்டிகள், விலைமகள் எனத் தூற்றப்படும் டல்லஸையும் அவரையும் ஒரே வண்டியில் ஏற்றித் துரத்துகின்றனர். வழியில் உடன்வந்த பெண்ணொருத்திக்குப் பேறுகால வலி காண்கிறது. போதை தெளியக் கறுப்புக் காப்பியைக் கோப்பை கோப்பையாகக் கேட்டுக் குடிக்கிறார் பூன். அதுவரை நம்மைச் சிரிக்கவைத்த தள்ளாட்டம் அந்நொடியில் வெட்கமாக மாறுவதை மிட்செலின் கண்களில் காண்கிறோம். குழந்தை பிறக்கிறது. எனினும் பூன் புனிதராகிவிடவில்லை. படத்தின் இறுதியிலும் ஒரு கோப்பை மதுவுக்கு இசைகிறார். திருந்திய பிறகுதான் நன்மை செய்ய முடியும் என்று மிட்செல் நமக்குப் பொய் சொல்லவில்லை.

'த கீஸ் ஆஃப் த கிங்டம்' (1944) படத்தில், சீனாவில் பணியாற்றும் குருவானவரின் இளமைக்கால நண்பராக, ஒரு நாத்திக மருத்துவராக வருகிறார். இறக்கும் தறுவாயிலும் தம்மால் நம்ப இயலவில்லை என்பதை அவர் மறைப்பதில்லை. அதில் சவாலும் இல்லை, இரக்கத்தை வேண்டும் குரலும் இல்லை. நண்பனிடம் பொய் கூறலாகாது என்ற நேர்மை மட்டுமே உள்ளது. மனமாற்றக் காட்சியை எதிர்பார்த்து அமர்ந்திருக்கும் நமக்கு அது முதலில் ஏமாற்றமாகவும், பின்னர் ஆறுதலாகவும் படுகிறது.

இனி 'ஹை நூன்' (1952). கொலைகாரர் நால்வரை எதிர்கொள்ள உதவி கேட்டு, ஞாயிறு வழிபாட்டின் நடுவே ஆலயத்திற்குள் வருகிறார் மார்ஷல் கேன். ஊர்த் தலைவராக மிட்செல் எழுகிறார். கேனுக்கு ஊர் பட்டிருக்கும் கடனை எடுத்துரைக்கிறார். நமக்கு நம்பிக்கை பிறக்கிறது. பின்னர் அதே கனிந்த குரலில், தெருவில் துப்பாக்கிச் சண்டை நடந்தால் வடக்கிலிருந்து வரவிருக்கும் முதலீடு நின்றுவிடும் என்கிறார். கேன் ஊரைவிட்டுப் போவதே நல்லது என முடிக்கிறார். அவர் முகத்தில் வஞ்சகம் துளியும் இல்லை. அச்சமூட்டுவது அதுவே.

அவர் நடிப்பில் குறையே இல்லை என்பதல்ல. 'கான் வித் த விண்ட்' படத்தின் தொடக்கக் காட்சிகளில், ஐரிஷ் தந்தையின் உணர்ச்சிவேகம் சற்று மிகையாகவே தெரிகிறது. மனைவியை இழந்து அறிவு கலங்கிய பிறகு வரும் அந்த வெறித்த பார்வைதான் அப்பாத்திரத்தை மீட்கிறது. ஓசை குறையும்போதே அவர் கலை உயர்கிறது.

தொலைக்காட்சிக்கான எம்மி விருதும், மேடைக்கான டோனி விருதும் 1953-இல் அவரை வந்தடைந்தன. ஆஸ்காரோடு இவ்விரண்டையும் பெற்ற முதல் ஆண் நடிகர் அவரே. 1962-இல் மறைந்தார்.

'ஸ்டேஜ்கோச்' படத்தையும் 'ஹை நூன்' படத்தையும் அடுத்தடுத்துக் காணுமாறு வாசகரை வேண்டுகிறோம். ஊரால் துரத்தப்பட்டவரும், ஆலயத்தில் மதிப்போடு எழுந்து நின்று பேசுபவரும் ஒரே முகம் கொண்டவர்கள். இருவருள் எவரையும் மிட்செல் வெறுக்கவில்லை. அதனாலேயே, அந்த ஆலயத்தில் நாம் இருந்திருந்தால் என்ன செய்திருப்போம் என்று கேட்டுக்கொள்ளாமல் நம்மால் எழ முடிவதில்லை.