கேள்வி வராத வகுப்பறை

நியூட் கிங்ரிச்சை அமெரிக்க அரசியலின் சண்டைக்காரராகவே பலரும் எழுதிவைத்திருக்கிறார்கள். எனக்கென்னவோ அவர் கடைசிவரை வாத்தியாராகவே இருந்தார் என்றுதான் படுகிறது. அவருடைய பலமும் அதுதான், கேடும் அதுதான்.

காங்கோவில் பெல்ஜிய ஆட்சியின் கல்விக் கொள்கையை ஆராய்ந்து டுலேன் பல்கலைக்கழகத்தில் 1971இல் முனைவர் பட்டம் பெற்றவர் அவர். ஜார்ஜியா மாநிலத்தில் மேற்கு ஜார்ஜியா கல்லூரியில் பாடம் நடத்தியபடியே குடியரசுக் கட்சி சார்பில் தேர்தலில் நின்றார். 1974, 1976 இரண்டிலும் தோல்வி. 1978இல் பிரதிநிதிகள் சபைக்குள் நுழைந்தார்.

அடுத்த ஆண்டே சபை நடவடிக்கைகளை சி-ஸ்பான் தொலைக்காட்சி நேரடியாகக் காட்டத் தொடங்கியது. அன்றைய அலுவல் முடிந்த பிறகு உறுப்பினர்கள் விரும்பியதைப் பேச நேரம் உண்டு. கேட்கத்தான் ஆள் இருக்காது. கேமரா பேசுபவரின் முகத்தை மட்டும் காட்டும் என்பதைக் கவனித்துக்கொண்டவர் கிங்ரிச். அவரும் சகாக்களும் ஜனநாயகக் கட்சியினரை அடுக்கடுக்காகக் குற்றம் சாட்டுவார்கள். மறுத்துச் சொல்ல அங்கே யாரும் இல்லை. வீட்டில் பார்ப்பவருக்கோ, எதிரணி வாயடைத்து உட்கார்ந்திருப்பதுபோல் இருக்கும். 1984 மே மாதம் சபாநாயகர் டிப் ஓநீல் பொறுமையிழந்து, கேமராவைச் சுழற்றிக் காலி இருக்கைகளைக் காட்டச் சொன்னார். குட்டு உடைந்தது. ஆனால் சில நாள் கழித்து ஓநீல் கிங்ரிச்சை அவையிலேயே கடிந்துகொண்டபோது, விதிமீறல் என்று சபாநாயகரின் சொற்களே அவைக்குறிப்பிலிருந்து நீக்கப்பட்டன. லாபம் முழுக்க கிங்ரிச்சுக்குத்தான்.

புது வேட்பாளர்களைப் பழக்கிய விதத்தில் அவருடைய ஆசிரியத் திறமை இன்னும் பளிச்சென்று தெரியும். காரில் போகும்போது கேட்பதற்காக, தான் தலைமையேற்ற கோபாக் என்ற கட்சிப் பயிற்சி அமைப்பின் மூலம் ஒலிநாடாக்கள் அனுப்பினார். 1990இல் அதே அமைப்பு ஒரு சொற்பட்டியலையும் சுற்றுக்கு விட்டது. நம்மைப் பற்றிப் பேசும்போது துணிவு, வாய்ப்பு, குடும்பம். எதிரியைப் பற்றிப் பேசும்போது அழுகல், ஊழல், துரோகி. மனப்பாடம் செய்தால் போதும், யோசிக்க வேண்டாம். கட்சிக்குப் பேச்சாளர்கள் கிடைத்தார்கள் என்பது உண்மை. எதிர்க்கட்சிக்காரரைத் துரோகி என்று அழைத்துப் பழகியவர் மறுநாள் அவரோடு உட்கார்ந்து எப்படிப் பேரம் பேசுவார்? அந்தப் பாடம் பட்டியலில் இல்லை.

நியாயமாகச் சொன்னால் சாதனைகளும் சிறியவை அல்ல. ‘அமெரிக்காவுடன் ஒப்பந்தம்’ என்ற 10 அம்ச வாக்குறுதியுடன் 1994 தேர்தலைச் சந்தித்து, கட்சிக்கு 54 இடங்கள் கூடுதலாகப் பெற்றுத்தந்து, 40 ஆண்டுகளுக்குப் பிறகு சபையைக் கைப்பற்றிச் சபாநாயகரும் ஆனார். முதல் 100 நாளுக்குள் அத்தனையையும் வாக்கெடுப்புக்குக் கொண்டுவருவேன் என்றார், கொண்டுவந்தார். கூர்ந்து பாருங்கள்: நிறைவேற்றுவேன் என்று சொல்லவில்லை. உறுப்பினர் பதவிக்கால வரம்பு அந்தச் சபையிலேயே தோற்றது. 1996 பொதுநல உதவிச் சீர்திருத்தச் சட்டத்தில் ஜனநாயகக் கட்சி ஜனாதிபதி கிளின்டனோடு சேர்ந்து வேலை செய்தவரும் இதே மனிதர்தான். ஆனால் அதற்குச் சில மாதங்களுக்கு முன் பட்ஜெட் மோதலில் அரசு அலுவலகங்கள் 21 நாள் முடங்கியபோது மக்களின் கோபம் அவர்மேல்தான் அதிகம் திரும்பியது.

அவரைச் சிக்கவைத்ததும் ஒரு பாடவகுப்புதான். கென்னசா கல்லூரியில் 1993இல் தொடங்கி, செயற்கைக்கோள் வழியே பல ஊர்களுக்கு ஒளிபரப்பான ‘அமெரிக்க நாகரிகத்தைப் புதுப்பித்தல்’ வகுப்புக்கு வரிவிலக்குப் பெற்ற நன்கொடைப் பணம் போனது. அது கல்வியா, கட்சிப் பிரசாரமா என்பதுதான் கேள்வி. நெறிமுறைக் குழுவுக்குத் தவறான தகவல் தந்ததும் சேர்ந்துகொள்ள, 1997 ஜனவரியில் சபை 395க்கு 28 என்ற வாக்கில் அவரைக் கண்டித்து 3 லட்சம் டாலர் கட்டவைத்தது. வகுப்புக்குப் பணம் தந்த அறக்கட்டளைமீது வரி விதிமீறல் இல்லை என்று வரித்துறை பின்னர் சொன்னது. ஆனால் அதற்குள் அவர் சபாநாயகர் பதவியை விட்டே போய்விட்டார்.

பிறகு ஃபாக்ஸ் நியூஸில் விமர்சகர் வேலை. அவருக்கென்றே செய்த நாற்காலி! 2012 ஜனாதிபதி வேட்பாளர் போட்டியில், தென் கரோலைனா விவாதத்தின் முதல் கேள்வி அவருடைய முன்னாள் மனைவி சொன்ன புகாரைப் பற்றியது. நெறியாளர் ஜான் கிங்கையும் ஊடகங்களையும் வறுத்தெடுத்தார். அரங்கம் எழுந்து நின்று கைதட்டியது. இரண்டு நாளில் அந்த மாநிலத்தையும் வென்றார். அடுத்த வாரம் புளோரிடா விவாதத்தில், போட்டியாளர் மிட் ராம்னி வீட்டுக்கடன் நிறுவனங்களில் முதலீடு செய்தவர் என்று குத்திக்காட்டினார். உங்கள் முதலீட்டையும் பார்த்தீர்களா, அதிலும் அதே நிறுவனங்கள் இருக்கின்றனவே என்று ராம்னி திருப்பிக் கேட்டார். கிங்ரிச்சிடம் தயாரான பதில் இல்லை. புளோரிடாவில் ராம்னிக்கு 46 சதவீதம், அவருக்கு 32.