நந்தினியாய் நின்ற நடிகை

திரைப்படக் கலைஞரின் நடிப்பைப் படச்சுருள் காக்கிறது. மேடைக் கலைஞரின் நடிப்போ கண்டோர் நெஞ்சில் மட்டுமே வாழ்கிறது. வங்க நடிகை திருப்தி மித்ரா (1925–1989) இதற்குச் சான்றாவார்.

வங்கப் பஞ்சத்தைச் சித்திரித்த ‘நவான்ன’ நாடகத்தில் 1944இல் நடித்த அவர், 1946இல் ‘தர்த்தி கே லால்’ திரைப்படத்திலும் தோன்றினார். எனினும், 1954இல் ‘பஹுரூபி’ குழுவினர் அரங்கேற்றிய தாகூரின் ‘ரக்தகரபி’யில் ஏற்ற நந்தினி வேடமே அவர்தம் கலையின் சிகரம் என்பர். பொன்னுக்காக மண்ணைக் குடையும் மாந்தரிடையே வாழ்வின் களிப்பை உணர்த்தும் பாத்திரம் அது. வெறும் குறியீடாக நின்றுவிடக்கூடிய அப்பெண்ணுக்கு உயிரும் குருதியும் ஊட்டியதே அவர்தம் வெற்றி.

கொல்கத்தாவில் வாழும் நாம், திரையரங்கோடு அமையாது, நம் மக்களை வங்க நாடக அரங்குகளுக்கும் அழைத்துச் செல்வோமாக. இன்று காணத் தவறிய நடிப்பை நாளை எப்படச்சுருளும் மீட்டுத் தராது.