பாட்டுக்குப் பிந்தி அசையும் உதடு

திரை முழுக்க ஒரு பெண்ணின் முகம். பின்னால் இருட்டு. வெளிறிய கன்னம், மை கனத்த இமைகள். ஓப்பராப் பாடகியின் குரல் உச்சத்துக்கு ஏறுகிறது. அவள் வாயும் திறக்கிறது. ஆனால் இரண்டும் சேரவில்லை. பாட்டு முந்திப் போகிறது, உதடு பிந்தி வருகிறது. ஜெர்மன் இயக்குநர் வெர்னர் ஷ்ரோட்டரின் 'மரியா மாலிப்ரானின் மரணம்' (1972) படத்தில் நடிகை மாக்டலேனா மொன்டெசூமாவை முதன்முதலாகப் பார்ப்பவர் இதை ஒலிப்பதிவுக் கோளாறு என்றே நினைப்பார். கொஞ்ச நேரம் பொறுத்தால், படத்தின் உயிரே அந்தப் பிசகில் இருப்பது தெரியும்.

வாயசைப்பு கச்சிதமாகப் பொருந்திவிட்டால் குரல் அந்த முகத்துக்குச் சொந்தமாகிவிடும். நாம் பாட்டில் கரைந்துபோவோம். பொருந்தாதபோது, தனக்குக் கிட்டாத குரலுக்காக ஏங்கும் ஒருத்தி நம் கண்முன் நிற்கிறாள். 28 வயதில், 1836இல் இறந்துபோன பாடகி மாலிப்ரானைப் பற்றிய படத்துக்கு இதைவிடப் பொருத்தமான அபிநயம் வேறு எது? குரல் காற்றில் போய்விட்டது; முகம் அதைத் துரத்திக்கொண்டே இருக்கிறது.

மொன்டெசூமாவின் இயற்பெயர் எரிக்கா க்ளூகே. திரைக்காக ஏற்ற பெயரில் ஓர் அஸ்டெக் பேரரசனின் பெயர் ஒலிக்கிறது. முகமும் அந்தப் பெயருக்கு இசைந்ததே: நீண்டு ஒடுங்கிய கன்னம், எடுப்பான மூக்கு, ஆழத்திலிருந்து பார்க்கும் பெரிய கண்கள். 1960களின் இறுதியில் ஷ்ரோட்டரின் முதல் முயற்சிகளிலேயே அந்த முகம் வந்துவிட்டது. அந்தப் படங்கள் பெரிய அரங்குகளைத் தேடிப் போனவை அல்ல. பலவும் ஜெர்மனியின் இசட்.டி.எஃப். தொலைக்காட்சியின் ஆதரவில் உருவானவை. அதனால்தான் இவர் பெயர் பரவலாகத் தெரியாமல் போயிற்று.

'சலோமே' (1971) லெபனானில், பால்பெக் கோயில் இடிபாடுகளுக்கு நடுவே எடுக்கப்பட்டது. அதில் ஏரோது மன்னனாக வருபவர் இவர்தான். பெண் ஆண் வேடம் போட்ட வியப்பு சீக்கிரமே மறந்துபோகிறது. ஆசையால் தளர்ந்த ஓர் அதிகாரம் மட்டும் அந்தக் கற்களின் நடுவே எஞ்சுகிறது. கலிபோர்னியாவின் மொஹாவே பாலைவனத்தில் எடுத்த 'வில்லோ ஸ்பிரிங்ஸ்' (1973) படத்தில் அவர் பெயர் மாக்டலேனாதான். ஒதுங்கிய வீட்டில் மூன்று பெண்கள்; மற்ற இருவரையும் ஆள்பவள் அவள். அந்த ஆட்சிக்கு அவருடைய அசையாமையே போதுமாக இருக்கிறது.

அசையாமைதான் அவர் கலை என்று முடிவுகட்டினால், உல்ரிக்கே ஒட்டிங்கரின் 'ஃப்ரீக் ஓர்லாண்டோ' (1981) அதைக் கலைத்துப்போடும். தொன்மக் காலம் தொடங்கி இருபதாம் நூற்றாண்டுவரை, ஐந்து அத்தியாயங்களில் அவர் ஏற்ற ஓர்லாண்டோ பிறவி பிறவியாக உரு மாறுகிறார், ஆணாகவும் பெண்ணாகவும். ஒவ்வொரு பிறவியிலும் உடை வேறு, நடை வேறு. உலகம் விந்தை என்று ஒதுக்கியவர்களின் பக்கம் நிற்கும் கண்கள் மட்டும் மாறவில்லை.

கடைசிப் படம் 'ரோஜா மன்னன்'. திரைக்கதையை ஷ்ரோட்டருடன் சேர்ந்து அவரே எழுதினார். போர்ச்சுகலில் ஒரு ரோஜாத் தோட்டம். அங்கே மகனோடு வாழும் தாய் அன்னா அவர்தான். அப்போது அவருக்குப் புற்றுநோய் முற்றியிருந்தது. எல்ஃபி மிக்கெஷின் ஒளிப்பதிவு அந்த மெலிவை மறைக்கவும் இல்லை, இரக்கம் தேடிக் காட்டவும் இல்லை. இதழ்களும் ஈரமும் வெளிச்சமும் சூழ, அந்த முகமும் தோட்டத்தின் ஒரு பருவம்போல இருக்கிறது.

1984 ஜூலையில் அவர் மறைந்தார். படம் 1986இல் வெளிவந்தது. வாழ்நாள் முழுக்கப் பாட்டுக்குப் பிந்தி வந்தவர், இந்த ஒரு முறை முந்திப் போய்விட்டார்.